டேவிட் சைமனும் பால்டிமோரும்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

டேவிட் சைமன் யார்?

1960இல் வாஷிங்டனில் பிறந்த அமெரிக்கர். மேரிலாண்ட் பல்கலைக்கழகத்தில் படிப்பை முடித்து, 'பால்டிமோர் சன்' நாளிதழில் போலீஸ் செய்திகளுக்கான நிருபராகச் சேர்ந்தார். 1995இல் அந்த வேலையை விட்டுத் தொலைக்காட்சிக்கு வந்தார். அமெரிக்காவின் பால்டிமோர் நகரப் போலீஸையும் போதைப்பொருள் கும்பல்களையும் பற்றி எச்பிஓ சேனலில் 2002 முதல் 2008 வரை ஓடிய 'தி வயர்' தொடரை உருவாக்கியவர் என்றால் பலருக்குத் தெரியும்.

அவரை 'க்ரைம் எழுத்தாளர்' என்று சொன்னால் பாதிதான் சரி. கொலை செய்தது யார் என்று கண்டுபிடிப்பதில் அவருக்குப் பெரிய ஆர்வம் இல்லை. அந்தக் கொலையை ஒரு நகரம் தன் கணக்கில் எப்படி எழுதிக்கொள்கிறது, அப்படி எழுதுவதற்காக எதையெல்லாம் வளைக்கிறது என்பதைத்தான் முதல் புத்தகத்திலிருந்து எழுதிவருகிறார். கீழே உள்ள பதில்களில் பெரும்பாலானவை சுற்றி இங்கேதான் வந்து நிற்கும்.

போலீஸ் கொலைப்பிரிவுக்குள் ஒரு நிருபர் எப்படி ஒரு வருஷம் இருக்க முடிந்தது?

1985 கிறிஸ்துமஸுக்கு முந்தைய நாள் இரவு, செய்திக்காகக் கொலைப்பிரிவு ஷிஃப்டோடு சைமன் உட்கார்ந்திருந்தார். இங்கே ஒரு வருஷம் நடப்பதை யாராவது எழுதிவைத்தாலே புத்தகம் ஆகிவிடும் என்று ஒரு டிடெக்டிவ் பேச்சுவாக்கில் சொன்னார். சைமன் அதை மறக்கவில்லை. பிறகு போலீஸ் கமிஷனருக்கு எழுதிக் கேட்டார், அனுமதி கிடைத்தது. நாளிதழில் விடுப்பு எடுத்துக்கொண்டு 1988 ஜனவரியில் உள்ளே போனார். காகிதத்தில் அவருக்குக் கொடுத்த பதவி 'போலீஸ் இன்டர்ன்'.

நிபந்தனைகள் இரண்டு முக்கியமானவை. அங்கே பார்ப்பதைத் தன் நாளிதழுக்குச் சொல்லக் கூடாது. விசாரணை நடக்கும் இடத்தில் அதிகாரிகள் சொல்வதைக் கேட்டு நடக்க வேண்டும். முதல் நிபந்தனை சின்ன விஷயம் இல்லை. கையில் செய்தி இருந்தும் ஒரு வருஷம் எழுதாமல் இருக்கும் நிருபரைத்தான் டிடெக்டிவ்கள் மெல்ல மெல்ல மறந்துவிட்டு, இயல்பாகப் பேச ஆரம்பிப்பார்கள். அந்த ஆண்டு பால்டிமோரில் 234 கொலைகள் நடந்தன. புத்தகம் 1991இல் வந்தது, பெயர் 'ஹோமிசைட்: எ இயர் ஆன் தி கில்லிங் ஸ்ட்ரீட்ஸ்'. அடுத்த ஆண்டு அதற்குக் குற்ற எழுத்துக்கான எட்கர் விருது கிடைத்தது.

சிவப்பு, கறுப்பு எழுத்தில் பெயர்கள் இருக்கும் அந்தப் பலகை என்ன?

சைமனின் உலகத்துக்குள் நுழைய இதைப் புரிந்துகொண்டால் போதும். கொலைப்பிரிவு அலுவலகச் சுவரில் ஒரு வெள்ளைப் பலகை. ஒவ்வொரு சார்ஜன்ட்டின் பெயருக்குக் கீழே அவருடைய குழுவுக்கு வந்த கேஸ்கள், கொல்லப்பட்டவரின் பெயரோடு. துப்பு துலங்காதது சிவப்பு மையில், துலங்கியது கறுப்பு மையில். மேலதிகாரி அறைக்குள் வந்ததும் முதலில் பார்ப்பது இதைத்தான்.

மை எப்போது நிறம் மாறும் என்பதில்தான் கோளாறு ஆரம்பிக்கிறது.

ஒருவரைக் கைது செய்து குற்றம் சாட்டினாலே கேஸ் கறுப்பாகிவிடும். பிறகு நீதிமன்றத்தில் அவர் விடுதலையானாலும் பலகையில் எதுவும் மாறாது. ஆகவே இன்னும் பத்து நாள் சாட்சி தேடியிருந்தால் நிற்கக்கூடிய கேஸ், மாதக் கடைசி என்பதற்காக அவசரமாகக் கைதில் முடிகிறது. வழக்கறிஞர் கையில் அது உடைந்துபோகும்போது போலீஸ் கணக்கில் அது ஏற்கெனவே வெற்றி.

இன்னொன்று ஆண்டுக் கணக்கு. போன வருஷக் கொலை இந்த வருஷம் துலங்கினால், அந்தப் பெருமை இந்த வருஷத்துக்குச் சேரும். ஒரு குழுவுக்கு இந்த ஆண்டு 10 கேஸ் வந்து 5 துலங்கியது என்று வைத்துக்கொள்வோம். பழைய கேஸ் 3 துலங்கினால் விகிதம் 50 சதவீதம் இல்லை, 80 சதவீதம். யாரும் பொய் சொல்லவில்லை, ஆனால் இந்த வருஷம் செத்தவர்களில் பாதிப் பேருக்குப் பதில் கிடைக்கவில்லை என்பது அந்த எண்ணில் தெரியாது.

வந்த உடனே ஆள் யார் என்று தெரிந்துவிடும் கேஸை அங்கே 'டங்கர்' என்பார்கள். தெரியாததுதான் 'ஹூடனிட்'. ஒரு டிடெக்டிவ் திறமைசாலியா இல்லையா என்பது பல சமயம், தொலைபேசி மணி அடித்தபோது யார் எடுத்தார் என்பதைப் பொறுத்தது.

அந்தப் புத்தகத்தின் முக்கியக் கேஸ் துலங்கியதா?

இல்லை. 1988 பிப்ரவரியில் 11 வயதுச் சிறுமி ஒருத்தி கொல்லப்பட்டாள். துறை மொத்தமும் அதில் இறங்கியது. வருஷம் முழுக்க அதைச் சுமந்த டிடெக்டிவ்வால் கடைசி வரை யாரையும் குற்றம் சாட்ட முடியவில்லை. புத்தகத்தை வைத்து என்பிசி சேனல் 1993 முதல் 1999 வரை ஒளிபரப்பிய 'ஹோமிசைட்: லைஃப் ஆன் தி ஸ்ட்ரீட்' தொடரிலும் அந்தக் கேஸ் வேறு பெயரில் வந்தது, அங்கேயும் துலங்கவில்லை. வாரா வாரம் குற்றவாளி பிடிபட்டே ஆக வேண்டும் என்றிருந்த காலத்தில் இப்படி விட்டதற்குத் துணிச்சல் வேண்டும்.

எட் பர்ன்ஸ் யார்? ஏன் அவர் பெயர் கூடவே வருகிறது?

பால்டிமோர் போலீஸில் 20 ஆண்டு இருந்தவர், அதற்கு முன் வியட்நாமில் போர்வீரர், அதற்குப் பின் நடுநிலைப் பள்ளி ஆசிரியர். 1980களில் மெல்வின் வில்லியம்ஸ் என்ற பெரிய போதைப்பொருள் வியாபாரியை ஒட்டுக்கேட்பு மூலம் பிடித்த விசாரணையில் முக்கியமானவர். அதைப் பற்றி 1987இல் தொடர்கட்டுரை எழுதும்போது சைமனுக்குப் பழக்கம். 'தி வயர்' முதல் சீசனின் விசாரணை அந்தப் பழைய கேஸின் எலும்புக்கூட்டில் நிற்கிறது. நான்காம் சீசனின் பள்ளிக்கூடம் பர்ன்ஸ் பாடம் நடத்திய வகுப்பறைகளிலிருந்து வந்தது. சைமனிடம் நிருபரின் காது இருந்தது. உள்ளே இருந்து வேலை பார்த்த கையை பர்ன்ஸ் கொண்டுவந்தார்.

'தி கார்னர்' என்பது 'தி வயர்'தானா?

வேறு. 1993இல் இருவரும் மேற்கு பால்டிமோரில் ஃபயட் தெருவும் மன்ரோ தெருவும் சந்திக்கும் முனையில் ஒரு வருஷம் கழித்தார்கள். போதைக்கு அடிமையான தாய், தந்தை, தெருவில் விற்க ஆரம்பிக்கும் மகன் என ஒரே குடும்பத்தைச் சுற்றிய உண்மைக் கதை. தாங்கள் எழுத்தாளர்கள் என்பதை மறைக்கவில்லை, நோட்டும் பேனாவும் வெளியிலேயே இருந்தன. புத்தகம் 1997இல், ஆறு பகுதித் தொடர் 2000இல் வந்தன. இயக்கியவர் சார்ல்ஸ் எஸ். டட்டன். கடைசிப் பகுதியின் முடிவில் உண்மை மனிதர்களே வந்து பேசுகிறார்கள். 'ஹோமிசைட்' போலீஸ் நின்ற பக்கத்திலிருந்து பார்த்தது. அதே தெருவை எதிர்ப்பக்கத்திலிருந்து பார்த்தது இது. இரண்டும் இல்லாமல் 'தி வயர்' இல்லை.

'தி வயர்' காட்டும் ஒட்டுக்கேட்பு உண்மையிலேயே அவ்வளவு சிரமமா?

ஆமாம். அமெரிக்காவில் இதற்கான கூட்டாட்சிச் சட்டம் 1968இல் வந்தது. தொடரில் வரும் படிகள் ஏறக்குறைய அந்த வரிசைதான்.

முதலில் எண்களை மட்டும் பதியும் கருவி. எந்தப் போனிலிருந்து எந்த எண்ணுக்கு, எத்தனை மணிக்கு என்று தெரியும், பேச்சு கேட்காது. இதற்கு அனுமதி வாங்குவது எளிது. இந்தப் பட்டியலை வைத்துத்தான் இது ஒரு வலைப்பின்னல் என்று நிரூபிக்க ஆரம்பிக்கிறார்கள்.

அடுத்து நீதிபதிக்குப் பிரமாணப் பத்திரம். பின்தொடர்ந்து பார்த்தோம், உளவாளி வைத்தோம், வேஷம் போட்டுச் சரக்கு வாங்கிப் பார்த்தோம், எதுவும் மேல்மட்டத்துக்கு எட்டவில்லை என்று ஒவ்வொன்றாகக் காட்ட வேண்டும். மற்ற வழிகள் பலிக்கவில்லை, அல்லது பலிக்காது, அல்லது ஆபத்து என்று காட்டினால்தான் கையெழுத்து விழும். விழுந்தாலும் 30 நாள். அதற்கு மேல் வேண்டுமென்றால் மறுபடி போய் நிற்க வேண்டும்.

மூன்றாவது, வழக்குக்குச் சம்பந்தம் இல்லாத பேச்சைக் கேட்கக் கூடாது. பொதுத் தொலைபேசியில் யாரோ ஒருவர் தன் அம்மாவோடு பேசினால் நிறுத்திவிட வேண்டும். அதனால்தான் ஒருவர் மொட்டை மாடியில் பைனாகுலரோடு காய்ந்துகொண்டிருக்கிறார். இப்போது போனை எடுத்தது நம் ஆள்தான் என்று கண்ணால் பார்த்துச் சொன்னால்தான் கீழே இருப்பவர் காதுக்கருவியை மாட்டலாம். மாடியில் இருப்பவர் பார்க்காமல் பார்த்தேன் என்று எழுதினால், பின்னால் எதிர்த்தரப்பு வழக்கறிஞர் அந்த ஒரு நூலைப் பிடித்து இழுத்து ஆதாரத்தையே தள்ளிவைக்கச் சொல்லலாம்.

மூன்றாம் சீசனில் பொதுத் தொலைபேசியும் பேஜரும் போய் ப்ரீபெய்டு செல்போன் வருகிறது. பையன்கள் சில நாள் பயன்படுத்தித் தூக்கி எறிகிறார்கள். அனுமதி வாங்குவதற்குள் அந்த எண்ணே இல்லை. காகிதத்தின் வேகத்தைப் போனின் வேகம் முந்திவிடுவதுதான் அங்கே உண்மையான வில்லன்.

கூப்பிட வேண்டிய எண்ணைக் காட்டும் பேஜர் கருவியில், 'தி வயர்' பையன்கள் அனுப்பும் குறியீடு எப்படி வேலை செய்கிறது?

போன் பட்டன்களை நினைத்துக்கொள்ளுங்கள். நடுவில் 5. ஒவ்வொரு எண்ணும் 5ஐத் தாண்டி எதிர்ப்பக்கம் குதிக்கும்: 1 என்றால் 9, 2 என்றால் 8, 3 என்றால் 7, 4 என்றால் 6. ஐந்தும் பூஜ்யமும் இடம் மாறிக்கொள்ளும். 843 0956 என்று பேஜரில் வந்தால் கூப்பிட வேண்டியது 267 5104.

இதில் கணக்கே இல்லை என்பதுதான் அழகு. கூட்டவோ கழிக்கவோ வேண்டாம், பட்டனைப் பார்த்தாலே போதும். குறியீட்டை உடைக்கும் டிடெக்டிவ் பெரிய சூத்திரம் எதையும் தேடவில்லை. தெருமுனைப் பையனுக்கு எது எளிது என்று யோசித்ததில் விடை வந்தது.

ஜெராக்ஸ் மெஷினைப் பொய் கண்டுபிடிக்கும் கருவி என்று ஏமாற்றும் காட்சி கட்டுக்கதையா?

டிடெக்டிவ்கள் வழிவழியாகச் சொல்லிவந்தது, சைமன் தன் முதல் புத்தகத்திலேயே பதிவு செய்திருக்கிறார். 'தி வயர்' ஐந்தாம் சீசன் இதில்தான் தொடங்குகிறது. மெஷினில் மூன்று தாள் முன்கூட்டியே வைத்திருப்பார்கள்: உண்மை, உண்மை, பொய். சந்தேக நபர் கையை அதன் மேல் வைக்கிறார். பெயர் கேட்கிறார்கள், பட்டனை அழுத்தினால் 'உண்மை'. வீடு எங்கே, 'உண்மை'. நீதானே சுட்டாய்? இல்லை என்கிறார். 'பொய்' என்று அச்சாகி வெளியே வருகிறது.

விசாரணையில் போலீஸ் ஏமாற்றிப் பேசினாலே வாக்குமூலம் செல்லாது என்று ஆகிவிடாது என அமெரிக்க உச்ச நீதிமன்றம் 1969இல் சொன்னது. மௌனமாக இருக்கும் உரிமையைச் சொல்லியாக வேண்டும் என்ற 1966 தீர்ப்பும் இருக்கிறது. இந்த இரண்டுக்கும் நடுவிலுள்ள குறுகிய இடத்தில் விசாரணை அறை எப்படி இயங்குகிறது என்று 'ஹோமிசைட்' புத்தகத்தில் ஒரு நீண்ட பகுதி உண்டு. ஒரே பகுதியைத்தான் படிக்க நேரம் இருக்கிறது என்றால் அதைப் படியுங்கள்.

'தி வயர்' கதாபாத்திரங்கள் நிஜ மனிதர்களா?

பெரும்பாலும் மூன்று நான்கு பேரைப் பிசைந்து செய்தவர்கள். போதைப்பொருள் விற்பவர்களையே கொள்ளையடிக்கும் ஓமருக்கு ஆதாரமானவர்களில் டானி ஆண்ட்ரூஸ் முக்கியமானவர். கொலையை அவர் ஒப்புக்கொண்டது எட் பர்ன்ஸிடம். ஆயுள் தண்டனை பெற்று 2005இல் விடுதலையானார். 'தி கார்னர்' குடும்பத்தின் தாய் ஃபிரான் பாய்டை 2007இல் மணந்தார், இருவரையும் போனில் பேச வைத்து அறிமுகம் செய்ததும் பர்ன்ஸ்தான். ஆண்ட்ரூஸ் ஒருமுறை ஆறாவது மாடியிலிருந்து குதித்துத் தப்பினார். தொடரில் அதே காட்சிக்கு உயரத்தைக் குறைத்தார்கள், பார்ப்பவர் நம்ப மாட்டார் என்பதால்.

நடிகர் தேர்விலும் இந்தக் கலப்பு உண்டு. ஜே லேண்ட்ஸ்மன் என்ற நிஜ டிடெக்டிவ் தொடரில் வேறொரு லெப்டினன்ட்டாக நடிக்க, அவர் பெயரை வேறு நடிகர் தாங்கினார். பர்ன்ஸ் பிடித்த மெல்வின் வில்லியம்ஸ் தேவாலய டீக்கனாக வருகிறார்.

புள்ளிவிவரத்தை 'ஜோடிப்பது' என்றால் சரியாக என்ன செய்கிறார்கள்?

போலீஸ் துறையின் வாரக் கூட்டத்தில் மாவட்ட அதிகாரி மேடையில் நிற்க, திரையில் அவர் பகுதியின் எண்கள் ஓடும். குற்றம் கூடியிருந்தால் எல்லோர் முன்பும் கிழிப்பார்கள். அடுத்த வாரம் அவர் என்ன செய்வார்? கத்திக்குத்தைச் சாதாரண அடிதடி என்று எழுதலாம், கொள்ளையைத் தொலைந்த பொருள் ஆக்கலாம். கொலையை மட்டும் மறைக்க முடியாது, பிணம் இருக்கிறது.

இன்னொரு வழி கைதுகளைக் கூட்டுவது. தெருவில் சும்மா நின்றவர்களைக்கூடப் பிடித்தால் எண் ஏறும். ஏறக்குறைய ஆறரை லட்சம் பேர் இருந்த பால்டிமோரில் 2005இல் ஒரு லட்சத்துக்கும் மேற்பட்ட கைதுகள் நடந்தன. இதன் விலை பிறகுதான் தெரிகிறது. காரணம் இல்லாமல் ஓர் இரவு லாக்கப்பில் கிடந்தவர் நாளைக்கு ஜூரியில் உட்காரும்போது போலீஸ்காரர் சொல்வதை நம்ப மாட்டார், கொலையைப் பார்த்திருந்தாலும் சாட்சி சொல்ல வர மாட்டார். கொலை துலங்காமல் போவதற்கும் கைது எண் ஏறுவதற்கும் இடையில் உள்ள இந்தத் தொடர்பை சைமன் அளவுக்குத் திரையில் பொறுமையாக விளக்கியவர் இல்லை.

போதைப்பொருள் விற்க அனுமதிக்கும் பகுதி நிஜத்தில் இருந்ததா?

இல்லை, 'தி வயர்' மூன்றாம் சீசனில் வரும் அப்படிப்பட்ட பகுதியான 'ஹாம்ஸ்டர்டாம்' கற்பனை. ஆனால் பால்டிமோர் மேயர் கர்ட் ஷ்மோக் 1988இலேயே போதைப்பழக்கத்தைச் சுகாதாரப் பிரச்சினையாகப் பார்க்க வேண்டும் என்று பேசினார். அவரே அந்தத் தொடரில் சுகாதார அதிகாரியாக ஒரு சின்ன வேஷத்தில் வருகிறார்.

'தி வயர்' முதல் நான்கு எபிசோட் புரியவில்லை. எப்படிப் பார்ப்பது?

பலருக்கும் அப்படித்தான், காரணமும் உண்டு. பின்னணி இசை கிட்டத்தட்ட இல்லை, காரிலோ கடையிலோ ஒலிக்கும் பாட்டு மட்டும். எங்கே பதற வேண்டும் என்று யாரும் சொல்ல மாட்டார்கள். பழைய காட்சியை நினைவூட்டும் துண்டு முதல் எபிசோடில் ஒரே ஒரு முறை வரும், அதுவும் சேனல் கேட்டதால் வைத்தது.

சப்டைட்டில் போட்டுக்கொள்ளுங்கள். போலீஸ் படிநிலையை மனதில் வையுங்கள்: டிடெக்டிவ், சார்ஜன்ட், லெப்டினன்ட், மேஜர், அதற்கு மேல் துணைக் கமிஷனர், கமிஷனர். யார் யாருக்குப் பயப்படுகிறார் என்பது பிடிபட்டால் கதை தானாக ஓடும். சீசன் தாண்டிப் பார்க்காதீர்கள். மொத்தம் 60 எபிசோட். தெருமுனை, துறைமுகம், நகராட்சி அரசியல், பள்ளிக்கூடம், நாளிதழ் என்று ஒவ்வொரு சீசனும் ஒரு நிறுவனத்தைத் திறக்கிறது. இரண்டாவதில் புதிய மனிதர்களைப் பார்த்து விட்டுவிடுபவர்கள் அதிகம். தெருமுனைக்கு வரும் சரக்கு எந்த வாசல் வழியாக நகரத்துக்குள் நுழைகிறது என்பது அங்கேதான் இருக்கிறது.

எமி விருது எத்தனை?

'தி வயர்' தொடருக்கு ஒன்றும் இல்லை. எழுத்துக்காக இரண்டு பரிந்துரைகள் மட்டும். 'தி கார்னர்' சிறந்த குறுந்தொடர் உட்பட மூன்று வாங்கியது.

'ஷோ மீ எ ஹீரோ' குற்றக் கதை இல்லையே, ஏன் இந்தப் பட்டியலில்?

நீதியைப் பற்றியது என்பதால். நியூயார்க் மாநிலத்தின் யோங்கர்ஸ் நகரம், ஏழைகளுக்கான 200 வீடுகளை வெள்ளையர் பகுதிகளில் கட்ட வேண்டும் என்ற கூட்டாட்சி நீதிமன்ற உத்தரவை 1988இல் மீறியது. நீதிபதி விதித்த அபராதம்: முதல் நாள் 100 டாலர், பிறகு தினமும் இரண்டு மடங்கு. பத்தாம் நாள் அபராதம் 51,200. பதினைந்தாம் நாள் 16 லட்சத்தைத் தாண்டும். மேல்முறையீட்டில் நாளுக்கு 10 லட்சம் டாலர் என்று உச்சவரம்பு வைத்தார்கள். அப்போதும் நகரசபை உறுப்பினர்கள் சிலர் கை தூக்க மறுத்தார்கள். ஆறு பகுதிகள் கொண்ட இந்த 2015 தொடரில் கூட்ட அரங்கின் கூச்சலே பயமாக இருக்கிறது.

'வீ ஓன் திஸ் சிட்டி' 'தி வயர்' தொடர்ச்சியா?

கதையில் இல்லை, வாதத்தில் ஆமாம். நிருபர் ஜஸ்டின் ஃபென்டனின் புத்தகத்தை வைத்து 'தி வயர்' எழுத்தாளர்களில் ஒருவரான ஜார்ஜ் பெலகானோஸோடு சேர்ந்து 2022இல் செய்த ஆறு பகுதிகள். சட்டவிரோதத் துப்பாக்கிகளைப் பிடிப்பதற்கான தனிக் குழு, மக்களிடம் பணத்தையும் போதைப்பொருளையும் கொள்ளையடித்தது, செய்யாத ஓவர்டைமுக்குச் சம்பளம் வாங்கியது. 2017 மார்ச் 1 அன்று ஏழு பேர் ஒரே நாளில் கைதானார்கள். தலைவர் வெய்ன் ஜென்கின்ஸுக்கு 25 ஆண்டு.

இவர்கள் பல ஆண்டுகள் தப்பியது ஏன்? துப்பாக்கி எண்ணிக்கை கொண்டுவந்தார்கள். மேலே சொன்ன பலகைக்குத் தீனி போடுகிறவர்களிடம் யாரும் கேள்வி கேட்கவில்லை. காலம் முன்னும் பின்னும் தாவும்போது திரையில் தட்டச்சாகும் போலீஸ் அறிக்கைகளின் தேதியைக் கவனியுங்கள், குழப்பம் குறையும். கூட்டாட்சி அரசின் நீதித்துறை வழக்கறிஞராக வரும் நிக்கோல் ஸ்டீல் பலரைச் சேர்த்து உருவாக்கிய பாத்திரம்.

இவர் வேலையில் குறை?

'தி வயர்' ஐந்தாம் சீசன். இல்லாத தொடர் கொலையாளியை ஒரு டிடெக்டிவ் ஜோடிப்பது, ஐம்பது எபிசோடாகக் காத்துவந்த நம்பகத்தை இடிக்கிறது. நாளிதழ் அலுவலகத்தில் நல்லவர் ரொம்ப நல்லவர், கெட்டவர் ரொம்பக் கெட்டவர். போதை விற்பவரிடம் காட்டிய பொறுமையைத் தன் பழைய தொழிலிடம் சைமனால் காட்ட முடியவில்லை. பெண் பாத்திரங்கள் குறைவு, இருப்பவர்களுக்கும் வீட்டு வாழ்க்கை மெலிதாகவே எழுதப்பட்டிருக்கிறது.

இந்த முறையில் உண்மைக் கேஸை எழுத விரும்புபவர் எங்கே தொடங்க வேண்டும்?

ஆளைப் பார்ப்பதற்கு முன் நீதிமன்றக் கோப்பு. குற்றப்பத்திரிகை, சாட்சி வாக்குமூலங்கள், தீர்ப்பு மூன்றையும் வைத்து மணி, தேதி வரிசையில் ஒரே கால அட்டவணை போடுங்கள். இரண்டு ஆவணம் ஒரே நிகழ்ச்சிக்கு வேறு நேரம் சொல்லும் இடத்தில்தான் பெரும்பாலும் கதை இருக்கும். யார் பெயர் நிஜம், யார் கலவை, எந்த உரையாடல் ஆவணத்திலிருந்து வந்தது என்று காட்சிவாரியாகக் குறித்து வையுங்கள். வழக்கறிஞர் படிக்கும்போது கேட்பது இதைத்தான், ஒரு வருஷம் கழித்து நினைவிலிருந்து சொல்ல முடியாது. இறந்தவரின் குடும்பத்துக்கு, ஒளிபரப்புக்கு முன்பே, நீங்களே சொல்லுங்கள். பலர் தவறுவது போதிய நேரம் ஒதுக்காததில்: மூன்று நாள் போலீஸோடு சுற்றினால் அவர்கள் காட்ட விரும்பியது மட்டும் கிடைக்கும்.

திரைக்கு வெளியே நீதிமன்ற விஷயங்களில் சைமன் என்ன செய்திருக்கிறார்?

2008 மார்ச்சில் பர்ன்ஸ், பெலகானோஸ், ரிச்சர்ட் பிரைஸ், டெனிஸ் லெஹேன் ஆகிய 'தி வயர்' எழுத்தாளர்களுடன் 'டைம்' இதழில் எழுதினார்: வன்முறை இல்லாத போதைப்பொருள் வழக்கில் ஜூரியாக உட்கார நேர்ந்தால், ஆதாரம் எதுவானாலும் விடுதலைக்கே வாக்களிப்போம் என்று.

ஓமராக நடித்த மைக்கேல் கே. வில்லியம்ஸ் 2021 செப்டம்பரில் ஃபென்டானைல் என்ற வீரியமான செயற்கைப் போதைமருந்து கலந்த ஹெராயினால் இறந்தார். அதை விற்ற குழுவில் 71 வயது முதியவர் ஒருவர் இருந்தார், அவரும் போதைக்கு அடிமை. அரசுத் தரப்பு குறைந்தது நான்கு ஆண்டு கேட்டது. சைமன் நீதிபதிக்கு மூன்று பக்கக் கடிதம் எழுதி அவருக்காகக் கருணை கேட்டார். 2023 ஜூலையில் வந்த தண்டனை இரண்டரை ஆண்டு.